போர் ஓயும்வரை திராட்சை பொறுக்காது



பெய்ரூட், பால்பெக், பெக்கா பள்ளத்தாக்கு. இந்த லெபனான் ஊர்ப் பெயர்கள் நமக்குக் குண்டுவீச்சுச் செய்திகளின் வழியாகத்தான் பழக்கம். ஆனால் உலகின் மிகப் பழமையான ஒயின் நாடுகளில் லெபனானும் ஒன்று. உள்நாட்டுப் போர், படையெடுப்பு, பண வீழ்ச்சி என்று அடிமேல் அடி விழுந்தபோதும் அங்கே ஒயின் செய்கிறவர்கள் தொழிலை எப்படிக் கைவிடாமல் காத்தார்கள் என்பதைத்தான் இன்று பேசப்போகிறேன். குடிக்கச் சொல்லும் பேச்சல்ல இது. ஒரு விவசாயத்தின் கதையாகக் கேளுங்கள்.

முதலில் மண்ணைப் பார்ப்போம். லெபனானின் மேற்கே மத்தியதரைக் கடல். கடற்கரையை ஒட்டி ஒரு மலைத்தொடர், கிழக்கே சிரியா எல்லையில் இன்னொரு மலைத்தொடர். இரண்டுக்கும் நடுவே நீண்டு கிடக்கிறது பெக்கா பள்ளத்தாக்கு. பள்ளத்தாக்கு என்று பெயர்தானே தவிர, கடல் மட்டத்திலிருந்து ஏறக்குறைய 1,000 மீட்டர் உயரத்தில் இருக்கும் சமவெளி அது. குளிர்காலத்தில் மலைகளில் பனி கொட்டும். அது உருகி நிலத்துக்குள் இறங்கும். கோடையில் மழையே கிடையாது. பகலில் நல்ல வெயில், இரவில் குளிர். காற்றில் ஈரம் குறைவாக இருப்பதால் கொடியில் பூஞ்சை நோயும் குறைவு. வெயிலில் பழத்துக்கு இனிப்பு ஏறும், இரவுக் குளிரில் புளிப்பு தங்கும். ஒயினுக்கு இரண்டுமே வேண்டும்.

லெபனான் மண்ணை நெடுங்காலத்துக்கு முன்பே ஒயினுக்குப் பயன்படுத்திக்கொண்டவர்கள், இந்தக் கடற்கரையில் வாழ்ந்த பினீசியர்கள். பிப்லோஸ், சீதோன், தீரு ஆகிய துறைமுகங்களிலிருந்து மண்சாடிகளில் ஒயினை நிரப்பிக் கடல் கடந்து விற்றார்கள். சீதோனுக்குத் தெற்கே தெல் எல் புராக் என்னுமிடத்தில் கி.மு. 7-ஆம் நூற்றாண்டைச் சேர்ந்த திராட்சை மிதிக்கும் தொட்டி ஒன்றைத் தொல்லியலாளர்கள் தோண்டி எடுத்திருக்கிறார்கள். சுண்ணாம்புடன் உடைத்த ஓட்டுத்துண்டுகளைக் கலந்து பூசிய தொட்டி. சாறு கசியாமல் இருக்க அன்றே கண்ட வழி. பின்னால் வந்த ரோமானியர்கள் பால்பெக்கில் கோயில்கள் எழுப்பினார்கள். அவற்றுள் ஒன்றை ஒயின் தெய்வமான பாக்கஸின் கோயில் என்கிறார்கள். கி.பி. 2-ஆம் நூற்றாண்டுக் கட்டடம். அதன் தூண்கள் இன்றும் உயர்ந்து நிற்கின்றன.

இன்றைய தொழிலின் தொடக்கம் 1857. அந்த ஆண்டில் ஏசு சபைத் துறவிகள் பெக்காவில் க்சாரா என்ற இடத்தில் திராட்சைத் தோட்டம் போட்டு ஒயின் செய்யத் தொடங்கினார்கள். சின்ஸோ போன்ற பிரெஞ்சு ரகங்களைக் கொண்டுவந்தவர்களும் அவர்களே. கோழி திருடிய நரியைத் துரத்திக்கொண்டு போனபோதுதான் தோட்டத்துக்கு அடியில் ரோமானியர் காலத்துக் குகை இருப்பது தெரிந்தது என்று அங்கே ஒரு கதை சொல்வார்கள். குகை வெறும் கதையல்ல. இரண்டு கிலோமீட்டர் அளவுக்கு நீளும் சுரங்க வழிகள் இன்றும் குளிர்ச்சியான சேமிப்பு அறைகளாகப் பயன்படுகின்றன. 1868-இல் பெய்ரூட் - டமாஸ்கஸ் சாலை வேலைக்காக வந்த பிரெஞ்சுப் பொறியாளர் பிரான்சுவா யூஜின் பிரன், டூரெல் என்ற ஆலையை நிறுவினார். 1930-இல் காஸ்தோன் ஹோஷார், காஸிர் என்ற மலையூரில் ஷாத்தோ முஸார் ஆலையைத் தொடங்கினார். அது பிரெஞ்சு ஆட்சிக் காலம். ஒயின் குடிக்கும் படைவீரர்களும் அதிகாரிகளும் உள்ளூரிலேயே இருந்ததால் வியாபாரத்துக்குக் குறைவில்லை.

ஒயின் எப்படி உருவாகிறது என்பதை இங்கே சொல்லிவிட வேண்டும். பழுத்த திராட்சையை நசுக்கினால், ஈஸ்ட் என்னும் நுண்ணுயிர் சாற்றிலுள்ள சர்க்கரையைத் தின்று ஆல்கஹாலாக மாற்றும். சிவப்பு ஒயினுக்கு நிறம் தருவது பழத்தோல். அதனால் தோலோடு சேர்த்தே நொதிக்க விடுவார்கள். வெள்ளை ஒயினுக்குத் தோலை முன்பே நீக்கிவிடுவார்கள். அதன் பிறகு தொட்டியிலும் மரப்பீப்பாயிலும் மாதக்கணக்கில், சில வேளை ஆண்டுக்கணக்கில் கிடக்கும். முஸார் தன் சிவப்பு ஒயினை ஏழாம் ஆண்டில்தான் கடைக்கு அனுப்புகிறது. அவ்வளவு பொறுமையான தொழிலில் ஒரே ஓர் இடத்தில் மட்டும் பொறுமைக்கு வழியில்லை. அது அறுவடை. ஆண்டுக்கு ஒருமுறை, ஆகஸ்டு முதல் அக்டோபர் வரை. கொடியில் விட்டால் பழம் அழுகும். பறித்துவிட்டு நசுக்காமல் போட்டால் வழியிலேயே நொதிக்கத் தொடங்கிவிடும்.

இந்த ஒரு காரணத்தால்தான் போர் அவர்களை அவ்வளவு ஆட்டிப் படைத்தது. 1975 முதல் 1990 வரை, பதினைந்து ஆண்டுகள் உள்நாட்டுப் போர். முஸாரின் தோட்டங்கள் பெக்காவில், ஆலையோ மலைக்கு அந்தப் பக்கம் காஸிரில். நடுவே படைகளின் காவல் சாவடிகள், மாறிக்கொண்டே இருக்கும் போர்முனைகள். திராட்சை ஏற்றிய லாரி சில மணி நேரத்தில் கடக்க வேண்டிய தூரம் அது. 1976-இல் ஒயின் செய்யவே முடியவில்லை. 1984-இல் சாலை அடைபட்டு, லாரிகள் சுற்றுவழியில் பல நாள் அலைந்தன. பழம் வந்து சேர்ந்தபோது வண்டியிலேயே நொதித்திருந்தது. இந்த இரண்டு அறுவடைகளைத் தவிர மற்ற எல்லா ஆண்டுகளிலும் காஸ்தோனின் மகன் செர்ஜ் ஹோஷார் வழக்கம்போல ஒயின் செய்தார்.

போர் இன்னொன்றையும் செய்தது. அதுவரை லெபனான் ஒயினுக்குப் பெரிய சந்தை உள்ளூர்தான். போரில் அது முடங்கியதும் செர்ஜ் தன் புட்டிகளைத் தூக்கிக்கொண்டு இங்கிலாந்துக்குப் போனார். 1979-இல் பிரிஸ்டல் ஒயின் கண்காட்சியில் அவருடைய ஒயினைச் சுவைத்த வல்லுநர் மைக்கேல் பிராட்பென்ட், அந்தக் கண்காட்சியின் கண்டுபிடிப்பே இதுதான் என்று பாராட்டினார். 1984-இல் டிகாண்டர் என்ற ஒயின் இதழ் ஆண்டின் சிறந்த மனிதர் என்ற விருதை ஏற்படுத்தியபோது, முதல் விருது செர்ஜுக்குத்தான். பழம் லாரியிலேயே நொதித்த அதே ஆண்டில் இந்தப் பெருமை. லெபனான் ஒயினை உலகத்துக்கு அறிமுகப்படுத்தியது விளம்பரமல்ல, வேறு வழியில்லாமை.

உள்நாட்டுப் போர் முடிந்தபோது விரல்விட்டு எண்ணும் அளவுக்கே ஆலைகள் இருந்தன. இன்று ஐம்பதுக்கும் மேல். பெக்காவோடு நிற்காமல் வடக்கே பத்ரூன் மலைகளிலும் தெற்கே ஜெஸீனிலும் கொடி ஏறியிருக்கிறது. போர்க்காலத்தில் பெக்காவுக்குக் கஞ்சா சாகுபடியால் கெட்ட பெயர் உண்டு. அங்கே டெய்ர் எல் அஹ்மர் பகுதியில் விவசாயிகள் பலர் கூட்டுறவுச் சங்கம் அமைத்துக் கஞ்சாவை விட்டுத் திராட்சைக்கு மாறினார்கள். திராட்சையில் வருமானம் குறைவு. ஆனாலும் போலீசுக்குப் பயப்படாமல் உறங்கலாம்.

ரகங்களைப் பற்றி அங்கே ஒரு விவாதம் ஓடிக்கொண்டிருக்கிறது. கபர்னே சொவிஞோன், சிரா என்று பிரான்சின் பழங்களையே நட்டுக்கொண்டிருந்தால் பிரான்சின் நகல் என்றுதானே சொல்வார்கள்? லெபனானுக்கே உரிய வெள்ளைத் திராட்சைகள் இரண்டு உண்டு: ஒபைதே, மெர்வா. நெடுங்காலமாக இவற்றை அரக் என்ற சாராயம் காய்ச்சவே பயன்படுத்தினார்கள். திராட்சையிலிருந்து வடித்து, பெருஞ்சீரகத்தைப் போல மணக்கும் அனிஸ் விதை சேர்த்த சாராயம் அது. தண்ணீர் ஊற்றினால் பாலாய் வெளுக்கும். முஸாரின் வெள்ளை ஒயின் முன்பிருந்தே இந்த இரண்டு ரகங்களால் ஆனது. இப்போது மற்ற ஆலைகளும் இவற்றில் தனி ஒயின் செய்கின்றன. மழை பொய்க்கும் காலத்தில், அந்த மண்ணுக்குப் பழகிய கொடிதான் தாக்குப்பிடிக்கும் என்பதும் ஒரு காரணம்.

2019-இல் வேறுவிதமான போர் வந்தது. வங்கிகள் முடங்கின. ஒரு டாலருக்கு ஏறக்குறைய 1,500 லிரா என்று பல ஆண்டுகள் நிலையாக இருந்த மதிப்பு, 2023-க்குள் 89,000-ஐத் தாண்டிச் சரிந்தது. கார்க், புட்டி, மரப்பீப்பாய் எல்லாம் வெளிநாட்டிலிருந்து டாலர் கொடுத்து வாங்க வேண்டியவை. 2020 ஆகஸ்டு 4-இல், அவை வந்து இறங்கும் பெய்ரூட் துறைமுகமே வெடித்துச் சிதறியது. இருநூறுக்கும் மேற்பட்டோர் இறந்தார்கள். 2024-இல் இஸ்ரேலுக்கும் லெபனானின் ஹிஸ்புல்லா இயக்கத்துக்கும் இடையே போர் தீவிரமாகி பெக்காவில் குண்டுகள் விழுந்தது செப்டம்பரில், அறுவடைப் பருவத்தில். நவம்பர் 27-இல் போர்நிறுத்தம் வந்தது. பழம் நவம்பர் வரை காத்திருக்குமா?

இதையெல்லாம் கேட்கும்போது அவர்களை வீரர்கள் என்று புகழத் தோன்றும். எனக்கு அந்தச் சொல்லில் உடன்பாடில்லை. பணத்தை வேறு நாட்டு வங்கிக்கு மாற்றலாம், இயந்திரத்தைக் கழற்றிக் கப்பலில் ஏற்றலாம். நாற்பது ஆண்டுக் கொடியைப் பிடுங்கிக்கொண்டு போக முடியாது. நட்டவன் இருந்தே ஆக வேண்டும். கூலிக்குப் பழம் பறிக்கிற சிரிய அகதிப் பெண்களுக்கு அந்த நிலத்தில் ஒரு பிடிகூடச் சொந்தமில்லை. அவர்களும் அறுவடை நாளில் வந்துதான் ஆக வேண்டும். வீரம் என்று நாம் தூரத்திலிருந்து சொல்வது, பக்கத்தில் போய்ப் பார்த்தால் விவசாயியின் நிர்ப்பந்தம்.

அடுத்த முறை பெக்கா பள்ளத்தாக்கில் தாக்குதல் என்று செய்தி வந்தால், அது எந்த மாதம் என்று பாருங்கள். ஆகஸ்டுக்கும் அக்டோபருக்கும் இடையே என்றால், ஓராண்டு உழைப்பு கொடியில் தொங்கிக்கொண்டிருக்கும் நேரம் அது என்பதை நினைவில் வையுங்கள்.