ஜெயகாந்தன்: எழுத்தும் திரையும்



புதினம் எழுதுவோர் திரைப்படத்திற்கும் எழுதுவது தமிழுக்குப் புதியதன்று. ஆயினும், ஈரிடத்தும் ஒரே குரலில் பேசியவர் மிகச் சிலரே. அச்சிலருள் முதன்மையானவர் ஜெயகாந்தன். திரை என்னும் ஊடகம் அவரிடமிருந்து எதைப் பெற்றது, அவருடைய எழுத்து திரையில் எதை இழந்தது என்பவை எண்ணிப் பார்க்கத்தக்கன.

1934ஆம் ஆண்டு ஏப்ரல் 24ஆம் நாள் கடலூர் மஞ்சக்குப்பத்தில் பிறந்த அவருடைய பள்ளிக் கல்வி ஐந்தாம் வகுப்போடு நின்றது. வீட்டைவிட்டு வெளியேறி விழுப்புரத்தில் தம் மாமாவிடம் சென்று சேர்ந்தபோது பொதுவுடைமை இயக்கம் அறிமுகமாயிற்று. பின்னர்ச் சென்னையில் கட்சி அலுவலகமே வீடாகவும், 'ஜனசக்தி' அச்சகப் பணியே பள்ளியாகவும் அமைந்தன. 1950களில் 'சரஸ்வதி' இதழும் 1960களில் 'ஆனந்த விகடன்' இதழும் அவரைத் தமிழகமறியச் செய்தன.

சேரிச் சிறுவன் சிட்டியையும் அவன் தாய் தங்கத்தையும் நடுவாகக் கொண்டது 'உன்னைப்போல் ஒருவன்' புதினம். அதனை அவரே திரைக்கதையாக்கி இயக்கினார். 1965இல் வெளிவந்த அப்படம், தேசிய விருதுகளில் மூன்றாவது சிறந்த படத்திற்கான தகுதிச் சான்றிதழைப் பெற்றது. எனினும் திரையரங்குகள் அதற்குக் கைகொடுக்கவில்லை. மறு ஆண்டில் 'யாருக்காக அழுதான்?' கதையைப் படமாக்கியபோது, மக்களைச் சிரிக்க வைத்துப் புகழ்பெற்ற நாகேஷிடம், திருட்டுப் பழி சுமக்கும் பேதை ஜோசப்பின் துயரை ஒப்படைத்தார். வணிகக் கணக்கு பார்ப்பவர் எவரும் செய்யத் துணியாத செயல் அது.

அதே 1966இல் 'அக்கினிப் பிரவேசம்' சிறுகதை விகடனில் வெளியாயிற்று. மழை நாளில் முன்பின் அறியாதவனது காரில் ஏறிக் கெடுக்கப்பட்ட கல்லூரி மாணவியைத் தாய் தலையில் நீரூற்றித் தூயவளாக ஏற்றுக்கொள்கிறாள். இம்முடிவு பெரும் சர்ச்சையைக் கிளப்பியது. எதிர்த்தவர்களுக்கு அவர் கட்டுரையால் விடை கூறவில்லை. புதினத்தால் விடை கூறினார். தாய் நீரூற்றாமல் ஊரறியக் கதறியிருந்தால் அப்பெண்ணின் வாழ்வு என்னவாகும் என்பதே 'காலங்கள் மாறும்' என்று தினமணி கதிரில் தொடராகி, 'சில நேரங்களில் சில மனிதர்கள்' என நூலாயிற்று. அதில் கங்கா, தன் வாழ்வே வேறொரு முடிவோடு கதையாக அச்சேறியிருப்பதைப் படிக்கிறாள். அக்கதையை எழுதிய ஆர்.கே.வி.யும் அங்கே ஒரு பாத்திரம். எழுதியவன் தான் எழுதியதற்கு விடை சொல்லக் கடமைப்பட்டவன் என்பதைப் புதினத்தின் அமைப்பிலேயே நிறுவியமை அதன் தனிச் சிறப்பாகும். 1972இல் சாகித்திய அகாதெமி பரிசு அதற்குக் கிட்டியது.

1977இல் இப்புதினம் திரைக்கு வந்தபோது திரைக்கதையைத் தம்மிடம் வைத்துக்கொண்டு, இயக்கத்தை ஏ. பீம்சிங்கிடம் விட்டார். தம் எல்லையை அறிந்த முதிர்ச்சி இது. புதினத்தின் பெரும்பகுதி கங்காவின் தன்கூற்று. அந்த மனவோட்டம் முழுவதையும் திரையில் கொண்டுவர இயலாது. அவ்வகையில் இழப்பு உண்மையே. ஆயின், சொல் நின்ற இடத்தில் லட்சுமியின் முகம் பேசிற்று. சிறந்த நடிகைக்கான தேசிய விருதும் அவரை அடைந்தது. எஞ்சியதைப் பாட்டு ஏற்றது. படத்திற்கான பாடல்களை ஜெயகாந்தனே எழுத, எம்.எஸ். விசுவநாதன் இசையமைத்தார். உரைநடையாளர் ஒருவர் தம் பாத்திரத்தின் நெஞ்சைக் காக்கக் கவிதையின் துணையை நாடினார் என்பது, கவிஞர் கூடியுள்ள இவ்வவையில் நினைக்கத்தக்கது.

தம் திரை வாழ்வை 'ஓர் இலக்கியவாதியின் கலையுலக அனுபவங்கள்' என்னும் நூலாக்கினார். அத்தலைப்பிலும் தம்மை இலக்கியவாதி என்றே குறித்தார். 2002ஆம் ஆண்டுக்கான ஞானபீடப் பரிசும், 2009இல் பத்ம பூஷண் விருதும் பெற்ற அவர், 2015 ஏப்ரல் 8ஆம் நாள் மறைந்தார்.

திரையரங்குகள் ஏற்காத படங்களையும் வாசகர் வெகுண்ட முடிவையும் அவர் மறைக்கவில்லை, மன்னிப்பும் கேட்கவில்லை. எதிர்ப்பு வந்தபோது மேலும் ஆழமாக எழுதினார். எழுதுகோல் பிடிப்போர்க்கு அவர் விட்டுச் சென்ற செல்வம் இதுவேயாகும்.