வேலியும் வழக்கும்

கம்பளையைச் சூழ்ந்த மலைச்சரிவுகளிலே வீட்டுத் தோட்டம் என்பது வெறும் மண்ணன்று. பலாவும் பாக்கும் கராம்பும் மிளகுக் கொடியும் நெருங்கி வளர்ந்த அத்தோட்டத்தில், எந்த மரத்தை எவர் நட்டார் என்பது குடும்பத்தார் யாவர்க்குந் தெரியும். தந்தை மறைந்தபின் அது பிரிக்கப்படாத பங்குகளாய்ப் பிள்ளைகளை வந்தடைகின்றது. தமையன் ஊரிலிருந்து தோட்டத்தைப் பார்த்து வருகிறான். தம்பிக்குக் கொழும்பிலே தொழில் என்று வைத்துக்கொள்வோம். சில ஆண்டுகட்குப் பின் தம்பி வந்து மிளகு பறிக்கிறான். உடனே தமையன் பொலிஸ் நிலையத்துக்கு ஓடுகிறான்: தம்பி அத்துமீறிப் புகுந்து களவெடுத்தான் என்பது முறைப்பாடு. இடையிலே எண்ணெய் வார்க்க மாமன்மாருக்கா பஞ்சம்?

இத்தகைய முறைப்பாடு நீதவான் மன்றில் நிலைப்பது அரிது. காரணம் யாதெனின், 1883 ஆம் ஆண்டின் தண்டனைச் சட்டக் கோவை, பிறர் கைவசமுள்ள காணியிற் கால் வைத்ததை மாத்திரம் குற்றமாக்கவில்லை. ஒரு தவறைச் செய்யவோ, அங்கிருப்பவரை அச்சுறுத்தவோ, அவமதிக்கவோ, தொல்லைப்படுத்தவோ எண்ணிப் புகுந்திருத்தல் வேண்டும். களவுக்கும் நேர்மையற்ற எண்ணம் வேண்டும். தன் பங்கென்று மெய்யாகவே நம்பி வந்தவனிடத்தில் அவ்வெண்ணத்தை எங்ஙனம் மெய்ப்பிப்பது? ஆனால் அவன் கத்தியை ஓங்கினானாயின், காணி எவருடையதாயினும் அது குற்றமே.

இந்தியாவிலும் இந்நிலையே. தனதல்லாத காணியைத் தனதென்று சொல்லி ஒருவர் உறுதி எழுதி விற்பது, அவ்வளவினால் மட்டும் கள்ள ஆவணம் ஆக்கியதாகாது என்று 2009 இல் இந்திய உச்ச நீதிமன்றம் தீர்த்தது. ஏமாற்றப்பட்டவர் என்று முறையிட வேண்டியவர் அதை வாங்கியவரே. காணிக்கு உரிமை கோருபவர் செல்ல வேண்டிய வாயில் குடியியல் நீதிமன்றம்.

வழக்குத் தள்ளுபடியான அன்றுதான் பெரிய மயக்கம் பிறக்கின்றது. "கோட்டிலே காணி எனக்கென்று தீர்ந்துவிட்டது" என்று தம்பி ஊரெங்குஞ் சொல்லித் திரிவான். அப்படி எதுவும் தீரவில்லை. குற்றம் மெய்ப்பிக்கப்படவில்லை என்பதே தீர்ப்பு.

அமைதி குலையுமென்ற அச்சம் இருந்தால் 1979 ஆம் ஆண்டின் 44 ஆம் இலக்க ஆரம்ப நீதிமன்ற நடவடிக்கைமுறைச் சட்டத்தின் 66 ஆம் பிரிவு உண்டு. பொலிசாரோ, பிணக்குடையவரோ அதன்படி மன்றை நாடலாம். அங்கும் உறுதிப் பத்திரத்தின் வலிமை முதற் கேள்வியன்று. மனுச் செய்த நாளிலே காணி எவர் கைவசம் இருந்தது, அதற்கு முந்திய இரண்டு மாதத்துள் எவரேனும் வலிந்து வெளியேற்றப்பட்டாரா என்பவையே கேள்விகள். நீதியரசர் சர்வானந்தா 1982 இல் வழங்கிய தீர்ப்பு இதனைத் தெளிவாக்கியது. அக்கட்டளையும் உரிய நீதிமன்றம் உரித்தைத் தீர்க்கும் வரைக்கும் உள்ள ஏற்பாடே.

தம்பியின் உரித்து என்னாகும்? ஒரு பங்காளியின் ஆட்சி எல்லாப் பங்காளிகளின் ஆட்சியாகவே கொள்ளப்படும். மனத்துள் ஒளித்து வைத்த எண்ணத்தினால் அது மாறாது என்று 1911 இல் கோமறைக் கழகம் தீர்த்தது. எனினும் அதை நம்பித் தூங்கிவிடலாகாது. நெடுங்காலந் தனித்து ஆண்டமையைக் கொண்டே மற்றவர் விலக்கப்பட்டதாக ஊகித்த தீர்ப்பும் 1918 இல் எழுந்தது. அங்ஙனம் விலக்கப்பட்டதாகக் கொண்டால், 1871 ஆம் ஆண்டுச் சட்டத்தின் பத்து ஆண்டு ஓடத் தொடங்கிவிடும். அண்ணனும் தம்பியும் முறைப்பாட்டின் மேல் முறைப்பாடாக எழுதிக் கொண்டிருக்கும்போதும் அந்த ஆண்டுகள் நிற்பதில்லை.

பங்கைப் பிரித்துத் தருவது 1977 ஆம் ஆண்டின் 21 ஆம் இலக்கப் பாகப்பிரிவினைச் சட்டம். மாவட்ட நீதிமன்றில் எல்லாப் பங்காளிகளையுஞ் சேர்த்து வழக்கிட வேண்டும். நில அளவையாளர் அளந்து படம் வரைவார். ஆண்டுகள் பல செல்லும், பணமுஞ் செல்லும். பங்காளிகள் மனமொத்தால் வழக்கே வேண்டியதில்லை. அளவைப் படம் ஒன்றை எடுத்து, நொத்தாரிசு முன்னிலையில் இரண்டு சாட்சிகளுடன் பிரிவினை உறுதி முடித்து, காணிப் பதிவகத்திற் பதிந்துவிடலாம். எல்லையில் நிற்கும் பலாமரம் எவர் பக்கம் என்பதையும் அந்த உறுதியிலேயே எழுதிவிடலாம்.