ஜேட் கூடியின் வாழ்வும் பார்த்தோர் பொறுப்பும்

பாடிப் பெயர் பெறுவோர் உண்டு. நடித்துப் பெயர் பெறுவோர் உண்டு. நூல் எழுதியும் விளையாட்டில் வென்றும் பெயர் பெறுவோர் உண்டு. இவற்றுள் எதனையும் செய்யாது, தாம் உண்பதையும் உறங்குவதையும் பிறரோடு சச்சரவிடுவதையும் ஊரார் பார்க்க இடங்கொடுத்தமையாலேயே பெயர் பெற்ற ஒரு வகுப்பினர் இந்த நூற்றாண்டின் தொடக்கத்திலே தோன்றினர். அவர்களுள் முதன்மையாக வைத்து எண்ணத்தக்கவர் இங்கிலாந்தைச் சேர்ந்த ஜேட் கூடி என்னும் பெண்மணி. இருபத்தேழு வயதிலேயே மறைந்த அவரைப் பிரித்தானிய மக்கள் முதலில் எள்ளி நகைத்தனர், பின்பு கொண்டாடினர், பின்பு வெறுத்தனர், இறுதியிலே அவருக்காகக் கண்ணீர் வடித்தனர். ஏழாண்டு காலத்துக்குள் நிகழ்ந்த இம்மாற்றங்களை ஆராய்வோர், ஜேட் கூடியைப் பற்றி மட்டுமன்றி, அவரைப் பார்த்துக்கொண்டிருந்த மக்களைப் பற்றியும் அறிந்துகொள்வர்.

1981ஆம் ஆண்டு யூன் மாதம் 5ஆந் திகதி ஜேட் பிறந்தார். அவர் வளர்ந்த இடம் தென்கிழக்கு இலண்டனிலுள்ள பெர்மன்சி என்னும் தொழிலாளர் வட்டாரம். தந்தை போதைப்பொருளுக்கு அடிமையாகிச் சிறைவாசம் அனுபவித்தவர். ஜேட் ஐந்து வயதுச் சிறுமியாயிருந்தபோது தாயார் மோட்டார் சைக்கிள் விபத்தொன்றில் ஒரு கையின் பயனை இழந்தார். தாயைப் பராமரிக்கும் பொறுப்பு அக்குழந்தையின் தலைமேல் விழுந்தது. பள்ளிப் படிப்பு முறையாக அமையவில்லை. பின்னர் பல் வைத்தியர்களுக்கு உதவியாளராக வேலை பார்த்தார். அவர் வாழ்க்கை இவ்வளவோடு நின்றிருந்தால் உலகம் அவர் பெயரைக் கேட்டிராது.

'பிக் பிரதர்' என்னும் தொலைக்காட்சி நிகழ்ச்சி 1999இல் நெதர்லாந்தில் தோன்றி, அடுத்த ஆண்டில் பிரித்தானியாவுக்கு வந்தது. ஒருவரையொருவர் அறியாத சிலரை ஒரு வீட்டில் அடைத்து வைப்பர். வெளியுலகத் தொடர்பு அவர்களுக்கு இராது. மூலைக்கு மூலை கமராக்கள் இரவும் பகலும் கண்காணிக்கும். நாடோறும் நடந்தவற்றுள் சுவையானவை என்று தயாரிப்பாளர் கருதும் பகுதிகள் வெட்டி ஒட்டப்பட்டு ஒளிபரப்பாகும். வெளியேற வேண்டியவர் யார் என்பதைப் பொதுமக்கள் தொலைபேசி வாக்கினாலே தீர்மானிப்பர். இந்த ஏற்பாட்டில் நடிகருக்குக் கூலி கொடுக்க வேண்டியதில்லை; கதாசிரியரும் வேண்டியதில்லை. கலகமும் கண்ணீரும் மட்டுமே வேண்டும். அவற்றைத் தருபவர் எவரோ அவரே அந்நிகழ்ச்சியின் மூலதனம்.

2002ஆம் ஆண்டு நடைபெற்ற மூன்றாவது தொடரிலே ஜேட் கலந்துகொண்டார். இங்கிலாந்தின் கிழக்குப் பகுதியாகிய ஈஸ்ட் அங்கிலியாவை அவர் வேறொரு நாடென்று எண்ணினார். இத்தகைய அறியாமையும், உரத்த குரலும், மதுபோதையில் நடந்துகொண்ட விதமும் பத்திரிகைகளுக்குப் பெருவிருந்தாயின. இலட்சக்கணக்கில் விற்பனையாகும் நாளேடுகள் அவரைப் பன்றி என்று பெயரிட்டு அழைத்தன. அதன் பின்னரே காற்றுத் திசை மாறியது. இப்பெண் சூதறியாதவர், உள்ளொன்று வைத்துப் புறமொன்று பேசாதவர் என்று மக்கள் சொல்லத் தொடங்கினர். போட்டியில் நான்காம் இடத்தையே பெற்ற ஜேட், வென்றவரிலும் பன்மடங்கு புகழ் பெற்றார். அவரை நடுவாகக் கொண்ட நிகழ்ச்சிகள் தொடர்ந்தன. 2006இல் சுயசரிதை வெளிவந்தது. அவர் பெயரைத் தாங்கிய வாசனைத் திரவியமும் கடைகளுக்கு வந்தது. பல இலட்சம் பவுண் சேர்ந்தது.

நினைத்ததை நினைத்தவுடன், பொருள் அறியாமற் கூடப் பேசிவிடுவதற்கே அவருக்குக் கூலி கொடுக்கப்பட்டது. பயின்று திருந்துவதற்கு யாரும் கூலி கொடுக்கவில்லை. ஐந்தாண்டுகளுக்குப் பின் நிகழ்ந்த பெருந்தவறுக்கு வித்து இங்கேயே இடப்பட்டது.

2007 ஜனவரியில் பிரபலங்கள் மட்டும் பங்குபற்றிய தொடருக்கு ஜேட் மீண்டும் அழைக்கப்பட்டார். அவ்வீட்டில் இந்தித் திரைப்பட நடிகை ஷில்பா ஷெட்டியும் இருந்தார். மங்களூரிற் பிறந்தவராகிய ஷில்பா, 1996இல் வெளிவந்த 'மிஸ்டர் ரோமியோ' என்னும் படத்தின் வாயிலாகத் தமிழ் இரசிகர்களுக்கும் அறிமுகமானவர். ஜேட்டும் அவருடைய தோழியர் இருவரும் ஷில்பாவின் உச்சரிப்பையும் சமையலையும் பரிகசித்தனர். சூப்புக்குச் சுவையூட்டும் சிறு கட்டிகளைப் பற்றி மூண்ட வாய்ச்சண்டை வசைமாரியாயிற்று. ஷில்பாவின் குடும்பப் பெயருக்குப் பதிலாகப் பப்படத்தின் பெயரைச் சேர்த்து ஜேட் இழித்துப் பேசினார்.

இதனைக் கேட்டோர் கொதித்தெழுந்தனர். ஒலி ஒளிபரப்புகளைக் கண்காணிக்கும் ஒஃப்கொம் அமைப்புக்கு 44,500க்கு மேற்பட்ட முறைப்பாடுகள் சென்றன. அக்காலம் வரை அத்தனை முறைப்பாடுகள் வேறெந்த நிகழ்ச்சிக்கும் வந்ததில்லை. இந்தியாவின் பட்னா நகரில் நிகழ்ச்சித் தயாரிப்பாளரின் கொடும்பாவிகள் எரிக்கப்பட்டன. அவ்வேளை இந்தியாவுக்கு விஜயம் செய்திருந்த பிரித்தானிய நிதியமைச்சர் கோர்டன் பிரவுண், தாம் வந்த காரியத்தை விடுத்து இவ்விவகாரம் பற்றிய கேள்விகளுக்குப் பதிலளிக்க நேர்ந்தது. ஜனவரி 19ஆந் திகதி மக்கள் வாக்கினால் ஜேட் வெளியேற்றப்பட்டார். வழக்கமாக வாயிலில் கூடும் கூட்டம் அன்று அனுமதிக்கப்படவில்லை. போட்டியில் ஷில்பாவே வென்றார்.

இனவாதச் சொல்லை அறியாமை என்று கூறித் தள்ளிவிட முடியாது. அச்சொல்லால் தைக்கப்படுபவருக்கு, எய்தவர் படித்தவரா படியாதவரா என்ற வேறுபாடு இல்லை. ஜேட்டின் தந்தை வழிப் பாட்டனார் கறுப்பினத்தவர் என்பதும் அவர் குற்றத்தைக் குறைக்காது. தாம் பேசியவை இனவாதச் சொற்களே என்று ஜேட் பின்னர் ஒப்புக்கொண்டார். அவ்வாண்டிலேயே இந்தியாவுக்குச் சென்று மன்னிப்பும் கோரினார். ஆனால் குற்றவாளிக் கூண்டில் அவர் ஒருவரையே நிறுத்துவது நீதியாகுமா? சண்டையைக் கண்ட தயாரிப்பாளர் அதனைத் தடுத்து நிறுத்தவில்லை. நிகழ்ச்சியைப் பார்ப்போர் தொகையோ நாளுக்கு நாள் பெருகிற்று. நிகழ்ச்சியை ஒளிபரப்பிய சனல் 4 நிறுவனம் விதிமுறைகளை மீறியது என்று 2007 மே மாதத்தில் ஒஃப்கொம் தீர்ப்பளித்தது. அத்தீர்ப்பின் சாரத்தை நிறுவனம் தன் ஒளிபரப்பிலேயே அறிவிக்க வேண்டியதாயிற்று.

மன்னிக்கும் பெருந்தன்மை ஷில்பாவிடமே காணப்பட்டது. 2008 ஓகஸ்டில் அவர் தொகுத்து வழங்கிய 'பிக் பாஸ்' என்னும் இந்திய நிகழ்ச்சியில் ஜேட் பங்குபற்றினார். வீட்டினுள் புகுந்து ஓரிரு நாட்களே கழிந்திருந்தன. புறப்படுமுன் இங்கிலாந்தில் செய்துகொண்ட வைத்திய பரிசோதனையின் முடிவு கமராக்களின் முன்னிலையிலேயே அவருக்குத் தெரிவிக்கப்பட்டது. கருப்பைக் கழுத்தில் புற்றுநோய். உடனே நாடு திரும்பினார். சத்திர சிகிச்சையும் தொடர்ந்த மருந்துகளும் பயனளிக்கவில்லை. 2009 பெப்ரவரியில் நோய் பரவிவிட்டதென்றும், இனிப் பிழைக்க வழியில்லை என்றும் வைத்தியர்கள் கூறினர்.

எஞ்சிய வாரங்களை அவர் கழித்த முறை பற்றியே அதிக விவாதம் எழுந்தது. சிகிச்சையினால் முடியிழந்த தலையோடு அவர் கமராக்களின் முன் நின்றார். பெப்ரவரி 22ஆந் திகதி திருமணம் செய்துகொண்டு, அதன் படங்களை வெளியிடும் உரிமையை விற்றார். சாவையும் சந்தைக்குக் கொண்டுவந்துவிட்டார் என்று சிலர் முகஞ்சுளித்தனர். தம் இரு சிறு புதல்வர்களின் கல்விக்கும் எதிர்காலத்துக்கும் பொருள் வேண்டும் என்பதே ஜேட் கூறிய விடை. வேறு தொழில் அறியாத தாய், அறிந்த ஒரே தொழிலை மரணப்படுக்கையிலும் செய்தார் என்றே கொள்ள வேண்டும். விற்றவரைக் கடிந்துகொண்டோர், வாங்கியவரை அத்துணை கடிந்துகொள்ளவில்லை. அவர் உயிரோடிருக்கும்போதே ஒரு சஞ்சிகை அவருக்கு அஞ்சலி இதழ் அச்சிட்டு விற்பனைக்கு விட்டது. 2009 மார்ச் 22ஆந் திகதி, பிரித்தானியர் அன்னையர் ஞாயிறாகக் கொண்டாடும் நாளன்று, அதிகாலையில் அவர் உயிர் பிரிந்தது.

இவ்வாழ்க்கையால் விளைந்த நன்மையொன்றும் உண்டு. கருப்பைக் கழுத்துப் புற்றுநோய் திடீரெனத் தோன்றுவதன்று. பெரும்பாலும் ஒருவகை வைரசுக் கிருமியின் தொற்றிலிருந்து, பல ஆண்டுகள் மெல்ல மெல்ல வளர்வது. இடையிலே உயிரணுக்களில் உண்டாகும் மாற்றத்தை எளிய பரிசோதனையொன்றினால் கண்டுகொண்டால் நோய் முற்றுமுன் தடுத்துவிடலாம். ஜேட்டுக்கும் முன்னரே இவ்வாறான எச்சரிக்கை கிடைத்திருந்தது; அச்சத்தினால் மேற்சிகிச்சைக்குச் செல்லத் தயங்கியதாக அவரே கூறினார். அவ்வாக்குமூலம் வைத்தியர்களின் அறிவுரைகள் நுழையாத வீடுகளிலும் நுழைந்தது. 2008இன் நடுப்பகுதிக்கும் 2009இன் நடுப்பகுதிக்கும் இடையில், இங்கிலாந்தில் வழக்கத்திலும் 4 இலட்சத்துக்கு மேற்பட்ட பெண்கள் கூடுதலாகப் பரிசோதனைக்கு வந்தனர் என்று பின்னர் ஆய்வாளர் கணக்கிட்டனர். பரிசோதனையை இருபத்தைந்து வயதுக்கு முன்பே தொடங்க வேண்டும் என்ற கோரிக்கையும் எழுந்தது. இளவயதில் இம்மாற்றங்கள் பெரும்பாலும் தாமாகவே மறைந்துவிடும், தேவையற்ற சிகிச்சை தீங்கு பயக்கும் என்று நிபுணர்கள் கருதியமையால், 2009இல் அவ்வயதெல்லை மாற்றப்படவில்லை.

அலை எழுந்த வேகத்திலேயே தணிந்தது. வருவோர் தொகை மீண்டும் குறைந்து, 2019 மார்ச்சில் இங்கிலாந்தின் பொதுச் சுகாதாரத் துறையினர் புதிய பிரசாரமொன்றைத் தொடங்க நேர்ந்தது. ஒரு முகத்தைக் கண்டு எழும் ஆர்வம், அம்முகம் மறைந்ததும் மங்குவது இயல்பே.

ஜேட் இறந்த சில வாரங்களில், மூத்த ஒளிபரப்பாளர் மைக்கேல் பார்கின்சன், அந்நாட்டின் அற்பத்தனத்துக்கும் இழிவுக்கும் அப்பெண் அடையாளமாயிருந்தார் என்று கடுமையாக எழுதினார். அத்துடன் நில்லாது, அவரைக் கண்டெடுத்துப் பயன்படுத்திக்கொண்ட ஊடகங்களையும் சாடினார். அக்கூற்றின் முற்பகுதியைப் பலர் நினைவில் வைத்திருக்கின்றனர், பிற்பகுதியை மறந்துவிட்டனர். அறியாமையைக் கண்டு நகைத்தவரும், வசையைக் கேட்கத் தொலைக்காட்சியின் முன் கூடியவரும், அஞ்சலி இதழை முன்கூட்டியே வாங்கியவரும் வேறு வேறு மக்கள் அல்லர். தொலைபேசியை எடுத்து வாக்களித்தோரும் அவர்களே. வீட்டில் அடைபட்டவர் செய்த குற்றத்தை உலகம் கண்டது. வெளியிலிருந்து பார்த்தோரைக் கண்காணிக்க அங்கே கமரா எதுவும் இருக்கவில்லை.