பாட்டுக்கும் ஒரு ‘பாடு’ உண்டு

(முன்னாள் மாணவர் சந்திப்பில் ஆற்றிய உரையின் எழுத்து வடிவம்)



நான் பழவேற்காடு ஏரிக்கரைக் குப்பத்துப் பிள்ளை. எங்க பக்கம் ‘பாடு’ என்றால் பாட்டு இல்லை. ஏரியில் எந்த இடத்தில், எந்த நாளில், யார் வலை போடுவது என்று சீட்டுப் போட்டு முறை வைப்பார்கள். அதற்குத்தான் பாடு என்று பெயர். கரையிலேயே பேசி முடித்துவிட்டுத்தான் தண்ணீரில் இறங்குவது. இறங்கின பிறகு பேசினால் சண்டைதான் மிஞ்சும்!

இதை ஏன் சொல்கிறேன்? சென்ற மாதம் எங்க ஊர்ப் பெண், நம் கல்லூரி மாணவி, வீட்டுக்கு வந்தாள். திருவிழா மேடையில் கணீரென்று பாடுகிறவள். தொலைக்காட்சிப் போட்டி ஒன்றிலிருந்து அழைப்பு வந்திருக்கிறது. “அப்பா வேணாங்கிறாரு, நான் போகலாமா சித்தப்பா?” என்றாள்.

அவளுக்கு நான் கே.பி. சுந்தராம்பாள் கதையைச் சொன்னேன். மேல்நாட்டில் ஆபரா என்றால் நமக்கு இசை நாடகம். மைக் இல்லாமலே கடைசி வரிசைக்குக் கேட்க வேண்டும். 1908-ல் கொடுமுடியில் பிறந்த அம்மையார் அந்த மேடையில் வளர்ந்தவர். கணவர் எஸ்.ஜி. கிட்டப்பா 1933-ல் மறைந்தபோது அவருக்கு வயது 25. வெள்ளைப் புடவை உடுத்தி ஒதுங்கிவிட்டார்.

சினிமாக்காரர்கள் தேடி வந்தார்கள். ஆணுக்கு ஜோடியாக நடிப்பதில்லை என்பது அம்மையாரின் உறுதி. 1935-ல் ‘பக்த நந்தனார்’ படத்தில் நந்தனாராகவே நடித்தார். சம்பளம் 1 லட்சம் ரூபாய்! படம் எதிர்பார்த்தபடி ஓடவில்லை. அதனாலென்ன? 1953-ல் ஜெமினியின் ‘ஔவையார்’ வந்தது, ஊரே திரண்டு பார்த்தது. 1964-ல் ‘பூம்புகார்’, 1965-ல் ‘திருவிளையாடல்’. எல்லாவற்றிலும் மேடையில் கேட்ட அதே குரல்.

இன்னொருவர் பரவை முனியம்மா. நாட்டுப்புற மேடையிலிருந்து 2003-ல் ‘தூள்’ படத்துக்கு வந்தார். தொலைக்காட்சியில் சமையலும் செய்து காட்டினார். நாடே அறிந்த முகம். ஆனாலும் 2015-ல் நோயும் வறுமையும் வாட்டியபோது, தமிழக அரசு 6 லட்சம் ரூபாய் வைப்புநிதி தரவேண்டி இருந்தது. 2020-ல் மறைந்தார். பெயர் வந்தால் பணமும் வந்துவிடும் என்று யாரும் நினைக்கக் கூடாது.

ஆகவே அவளிடம், “போ, ஆனா கரையிலேயே பேசிட்டுப் போ” என்றேன். எந்தப் பாட்டு, எத்தனை நாள், படிப்புக்கு எவ்வளவு லீவு, கைக்கு என்ன வரும், பாடினதை நாளைக்கு யார் விற்பார்கள்? எல்லாம் எழுத்தில் வரட்டும். எவ்வளவு மீன் படும் என்பது நம் கையில் இல்லை. முறை பேசுவது நம் கையில் இருக்கிறது.

அவள் அப்பா இன்னும் சம்மதிக்கவில்லை. வருகிற ஞாயிறு நான் பேசப் போகிறேன். ஒப்பந்தம் ஆங்கிலத்தில், பதினோரு பக்கம். நம்மில் சட்டம் படித்தவர்கள் இருக்கிறீர்கள். யாராவது ஒருவர் என்னோடு குப்பத்துக்கு வந்து, அதை அவர்களுக்குத் தமிழில் படித்துச் சொல்லுங்கள். மதியம் எங்க வீட்டில் இறால் குழம்பு.