உறங்கும் குழந்தையும் விழித்திருக்க வேண்டிய நாமும்

(புதுச்சத்திரத்தில் நடைபெற்ற குடும்பச் சந்திப்பில் குழந்தைநல மருத்துவர் ஒருவர் ஆற்றிய உரையின் எழுத்து வடிவம்)

 

விழா நாளில் நோயைப் பற்றிப் பேசலாமா என்று முதலில் தயங்கினேன். அவையைக் கண்டதும் அத்தயக்கம் நீங்கிற்று. கருவுற்ற சகோதரியர் சிலரும், கைக்குழந்தையோடு வந்துள்ள தாய்மார் சிலரும், பேரன் பேத்தியை எதிர்நோக்கும் பாட்டிமார் பலரும் இங்கே அமர்ந்திருக்கிறீர்கள். உங்களுக்குச் சொல்லவேண்டிய செய்தி ஒன்று என்னிடம் உள்ளது. பிறந்த குழந்தையின் இரத்தத்தில் சர்க்கரை குறைந்துபோவது பற்றிய செய்தி அது. சர்க்கரை மிகுவதை நாம் அனைவரும் அறிவோம். குறைவதை அறிந்தவர் சிலரே.

பல ஆண்டுகளுக்கு முன், நான் பணியேற்ற புதிதில் நடந்ததைச் சொல்கிறேன். நம்மவர் குடும்பத்துப் பெண் ஒருவர் தலைப்பிரசவத்திற்குத் தாய்வீடு வந்திருந்தார். அறுவை சிகிச்சையில் ஆண் குழந்தை பிறந்தது. எடை 4 கிலோ 100 கிராம். கொழுகொழுவென்ற அந்தக் குழந்தையைக் கண்டு உறவினர் அனைவரும் மகிழ்ந்தனர். இரண்டு மணி நேரம் கழிந்ததும், பணியிலிருந்த செவிலியர் குதிகாலில் ஊசியால் குத்தி ஒரு சொட்டு இரத்தம் எடுத்துச் சர்க்கரையைப் பார்க்க வேண்டும் என்றார். பாட்டியார் மறுத்துவிட்டார். "ஓரறிவுயிர்க்கும் தீங்கு நினையாத குடும்பம் ஐயா எங்களுடையது. பிறந்த பிஞ்சைக் குத்தலாமா? நிம்மதியாகத் தூங்குகிறான், தூங்கட்டும்" என்றார். அவருடைய சொல்லில் இருந்த இரக்கம் என்னைக் கட்டிப்போட்டது. நானும் தலையசைத்துவிட்டேன்.

குழந்தை தூங்கியது. பால் குடிக்கவும் எழவில்லை. ஐந்தாம் மணி நேரத்தில் செவிலியர் ஓடிவந்து அழைத்தார். குழந்தை துவண்டு கிடந்தது. கையை உயர்த்தினால் துணிபோல விழுந்தது. சற்று நேரத்தில் வலிப்பும் கண்டது. இரத்தச் சர்க்கரை 22. உடனே நரம்பு வழியாகக் குளுக்கோஸ் செலுத்தினோம். வேண்டியிருந்தது எட்டு மில்லிலிட்டர்தான். அதன்பின் சொட்டு மருந்தாகத் தொடர்ந்தோம். குழந்தை பிழைத்தது. பின்னர்தான் மற்றொன்றும் தெரியவந்தது. அந்தத் தாய்க்குக் கருக்கால நீரிழிவு இருந்தது. அதனைக் குறித்திருந்த அட்டை கணவர் வீட்டு அலமாரியிலேயே தங்கிவிட்டது. குழந்தை உரிய காலத்தில் தவழ்ந்தான், நடந்தான், பேசினான். ஆயினும் அந்த இரண்டு ஆண்டுகளும் அவனுடைய ஒவ்வொரு அசைவையும் அஞ்சியஞ்சிப் பார்த்த தாயின் முகத்தை நான் மறக்கவில்லை. செவிலியர் கேட்ட ஒரு சொட்டு இரத்தத்தை அன்று எடுத்திருந்தால் அந்த அச்சமே வந்திராது. அந்தப் பிழை பாட்டியாருடையது அன்று, என்னுடையது.

சர்க்கரை ஏன் குறைகிறது? கருவிலிருக்கும் குழந்தைக்குத் தொப்புள்கொடி வழியே இடைவிடாது குளுக்கோஸ் வந்துகொண்டிருக்கிறது. கொடியை அறுத்த கணமே அந்த வரத்து நின்றுவிடுகிறது. கிழங்கு உண்ணாத நாமும் இவ்வட்டாரத்தில் மரவள்ளிக் காடுகளைப் பார்த்துக்கொண்டே வாழ்கிறோம். மரவள்ளி தன் வேரில் மாவைச் சேமித்து வைப்பதுபோல, குழந்தையும் கருவில் கடைசி மாதங்களில் தன் கல்லீரலில் சர்க்கரையைச் சேமித்து வைக்கிறது. பிறந்து ஓரிரு மணி நேரத்திற்குள் இரத்தச் சர்க்கரை இயல்பாகவே இறங்கும். பின்னர் அந்தச் சேமிப்பும் தாயின் சீம்பாலும் சேர்ந்து அதனை உயர்த்திவிடும். நிறைமாதத்தில் நலமாகப் பிறந்து, நன்றாகப் பால் குடிக்கும் குழந்தைக்கு இதனால் தீங்கில்லை. அதற்குச் சோதனையும் தேவையில்லை.

சேமிப்புக் குறைந்த குழந்தைக்கும், சேமிப்பு விரைந்து கரையும் குழந்தைக்குமே ஆபத்து. 37 வாரம் நிறையும் முன் பிறந்தவை, இரண்டரைக் கிலோவுக்குக் குறைந்தவை, பிறந்தவுடன் மூச்சுத் திணறியவை, உடல் குளிர்ந்தவை, கிருமித்தொற்று உற்றவை ஆகியன அத்தகையன. மிகப் பெருத்துப் பிறக்கும் குழந்தையும் இவ்வரிசையில் சேரும் என்பது பலர்க்கு வியப்பாயிருக்கும். நீரிழிவுள்ள தாயின் மிகுந்த சர்க்கரை குழந்தையை அடைகிறது; தாயின் இன்சுலினோ நஞ்சுக்கொடியைக் கடப்பதில்லை. எனவே குழந்தையின் கணையமே மிகுதியாக இன்சுலினைச் சுரந்து பழகிவிடுகிறது. பிறந்தபின் சர்க்கரை வரத்து நின்றாலும் அந்தச் சுரப்பு உடனே நிற்பதில்லை. கொழுகொழுத்த குழந்தை துவண்டுபோவது இதனால்தான்.

இத்துறையில் தமிழகம் நாட்டிற்கே வழிகாட்டிய ஒன்றைப் பெருமையோடு நினைவுகூர்கிறேன். கருவுற்ற பெண்கள் அனைவர்க்கும் சர்க்கரைச் சோதனை வேண்டும் என்று சென்னை நீரிழிவு மருத்துவர் வீ. சேஷய்யா அவர்கள் இடையறாது வலியுறுத்தினார். 2007இல் தமிழக அரசு அதனை நடைமுறைக்குக் கொணர்ந்தது. அவர் பரிந்துரைத்த முறை எளியது. 75 கிராம் குளுக்கோஸைக் கரைத்துக் குடித்து, இரண்டு மணி நேரம் கழித்துச் சோதிக்க வேண்டும். அளவு 140 அல்லது அதற்கு மேல் இருந்தால் கருக்கால நீரிழிவு எனக் கொள்வர். வெறும் வயிற்றோடு வரவேண்டியதில்லை என்பதால் தொலைவிலிருந்து வரும் சிற்றூர்ப் பெண்களுக்கும் அது எட்டியது. 2022இல் அவருக்குப் பத்மஸ்ரீ விருது வழங்கப்பட்டது. இச்சோதனை அரசு ஆரம்ப சுகாதார நிலையங்களிலேயே செய்யப்படுகிறது. தவறாமல் செய்துகொள்ளுங்கள்.

நம் குடும்பங்கள் பல வந்தவாசி, செஞ்சி, திண்டிவனம் பகுதிகளிலிருந்து பணியின் பொருட்டும் தொழிலின் பொருட்டும் இப்பக்கம் வந்தவை. பெண் நாமக்கல்லில் சோதனை செய்துகொள்வாள். பேறுகாலத்திற்குத் திண்டிவனம் போவாள். தாய்சேய் நல அட்டையும் பிக்மி எண்ணும் அவளோடு போகவேண்டும். "எனக்குச் சர்க்கரை இருந்தது" என்ற ஒரு வரியை மகப்பேற்று அறையில் அவளோ உடன் செல்பவரோ வாய்விட்டுச் சொல்லவேண்டும்.

இனி, அறிகுறிகள். கைகால் நடுங்குதல், பால் குடிக்க மறுத்தல், எழுப்பினாலும் எழாமை, உடல் துவளுதல், ஈனக்குரலாகவோ கீச்சென்றோ அழுதல், உடல் சில்லிடுதல், உதடு நீலம் பாய்தல், மூச்சு விட்டுவிட்டு நிற்றல், வலிப்பு. நடுங்கும் கையை மெல்லப் பற்றினால் நடுக்கம் நின்றுவிடும். வலிப்பாயின் பற்றினாலும் நில்லாது. இரண்டையும் மருத்துவரிடம் காட்டவேண்டியதே. இவற்றுள் ஒன்றுமே தோன்றாமலும் சர்க்கரை குறைந்திருக்கலாம். ஆதலால்தான் ஆபத்துள்ள குழந்தைகளுக்கு, பிறந்த இரண்டு மணி நேரமளவில் தொடங்கி இரண்டு மூன்று நாள் வரை, இடைவெளி விட்டுக் குதிகாலில் சோதிக்கிறோம். 45 மில்லிகிராமுக்குக் கீழ் இறங்கினால் செயலில் இறங்கவேண்டும் என்பது நம் நாட்டுப் பச்சிளங்குழந்தைப் பிரிவுகளில் பின்பற்றப்படும் அளவுகோல். நெடுநேரம் மிகத் தாழ்ந்தே இருந்தால் மூளைக்கு ஊறு நேரும். வலிப்பு, பார்வைக் குறை, கற்றலில் பின்தங்கல் ஆகியன பின்னாளில் தோன்றலாம். குத்துகின்ற வலி ஒரு நொடியில் மறையும். குத்தும் நேரத்தில் குழந்தையைத் தாயின் மார்பில் அணைத்து வைத்திருந்தால் அவ்வலியும் குறையும்.

குடும்பத்தார் செய்யவேண்டியவை எளியவை. பிறந்த ஒரு மணி நேரத்திற்குள் தாய்ப்பால் கொடுங்கள். அறுவை சிகிச்சையாயினும் செவிலியர் உதவுவார். குழந்தையைத் துடைத்துத் தாயின் வெற்று மார்பில் கிடத்தி, தலைக்குத் தொப்பியிட்டு, மேலே போர்த்துங்கள். குளிர்ந்த உடல் சர்க்கரையை வீணே எரிக்கும். எனவே முதல் 24 மணி நேரம் குளிப்பாட்ட வேண்டா. இரண்டு மூன்று மணி நேரத்திற்கு ஒருமுறை, தூங்கினாலும் எழுப்பிப் பால் கொடுங்கள். உறிஞ்ச வலுவில்லையெனில் சீம்பாலைப் பிழிந்து பாலாடையில் ஊட்டலாம். சில சொட்டே வருகிறது என்று கவலற்க. முதல் நாளில் அக்குழந்தையின் வயிற்றுக்கு ஏற்றதும் சிறிதளவே.

சேனை வைக்கும் வழக்கம் பற்றியும் சொல்லவேண்டும். தேனை நாம் அறத்தின்பொருட்டு விலக்கியவர்கள். ஓராண்டு நிறையாத குழந்தைக்குத் தேன் கொடியதொரு நஞ்சேற்றத்தை விளைக்கலாம் என்று மருத்துவமும் விலக்குகிறது. ஆனால் தேனை விலக்கிய நம் வீடுகளில் அதன் இடத்தைச் சர்க்கரைத் தண்ணீர் பிடித்துக்கொண்டது. "சர்க்கரை குறைந்தால் சர்க்கரைத் தண்ணீர் நல்லதுதானே?" என்று கேட்பீர்கள். அது சிறுவயிற்றை நிரப்பிப் பால் குடிக்கும் நாட்டத்தைக் கெடுக்கும், நோய்க்கிருமியைக் கொணரும், பாலிலுள்ள கொழுப்பும் புரதமும் அதில் இல்லாமையால் உயர்ந்த சர்க்கரை நிலைக்காது. நியூசிலாந்தில் நடந்து 2013இல் லான்செட் இதழில் வெளிவந்த ஆய்வொன்று, அளந்தெடுத்த குளுக்கோஸ் கூழைக் கன்னத்தின் உட்புறம் தடவித் தாய்ப்பாலும் கொடுத்தால் பயனுண்டு எனக் காட்டியது. அது மருத்துவமனையில், எடைக்கேற்ற அளவில், சோதனையோடு செய்யப்படுவது. வீட்டுச் சர்க்கரை அதற்கு ஈடாகாது.

வீடு திரும்பியபின் குழந்தை பால் குடிக்க எழாவிடினும், துவண்டாலும், 108ஐ அழையுங்கள். சேலம் நெடுஞ்சாலை நம் வாசலில் உள்ளது. நாமக்கல் அரசு மருத்துவக் கல்லூரி மருத்துவமனை தொலைவன்று. வழியெல்லாம் குழந்தை தாயின் மார்போடு ஒட்டியிருக்கட்டும். விழுங்கும் நிலையிலிருந்தால் பால் கொடுங்கள். வலிப்பிலோ மயக்கத்திலோ இருந்தால் வாயில் ஒன்றும் ஊற்றலாகாது. நோயுற்ற பச்சிளங்குழந்தைக்கு அரசு மருத்துவமனையில் மருத்துவமும் ஊர்தியும் கட்டணமின்றிக் கிடைக்கும்.

இறுதியாக ஒன்று. இரவுண்ணாமை நம் குலத்தின் அணி. ஆனால் நோன்பு அதனை அறிந்து ஏற்றவர்க்கே உரியது. பச்சிளங்குழந்தைக்கு இரவென்றும் பகலென்றும் இல்லை. நள்ளிரவிலும் அதனை எழுப்பிப் பாலூட்டுவதே தாயின் அப்போதைய அறம். கருவுற்றிருக்கும் சகோதரியர், சிறப்பாக இன்சுலின் போட்டுக்கொள்வோர், எந்த நோன்பையும் மருத்துவரைக் கேளாது ஏற்கவேண்டா.

உணவு, மருந்து, நூலறிவு, அடைக்கலம் என நான்கு தானங்களை நம் முன்னோர் வகுத்தனர். பிறந்த குழந்தைக்கு முதல் மணியில் ஊட்டும் சீம்பால் உணவுமாகும், மருந்துமாகும். தாயின் மார்புச் சூடே அடைக்கலம். எஞ்சியிருப்பது அறிவு ஒன்றே. இன்று கேட்டதைப் பக்கத்து வீட்டுக் கருவுற்ற பெண்ணிடம், அவர் எக்குலத்தவராயினும், சொல்லுங்கள். அந்தத் தானமும் நிறைவுறும்.

அன்று மறுத்த பாட்டியார், சில ஆண்டுகள் கழித்து இரண்டாம் பேரக்குழந்தையோடு வந்தார். செவிலியர் கேட்கும் முன்னரே அந்தப் பிஞ்சுக் காலைத் தாமே பிடித்துக் காட்டி, "எடுங்கள் அம்மா, நான் பிடித்துக்கொள்கிறேன்" என்றார். கொல்லாமை மட்டுமன்று, காத்தலும் அருள்தான் என்பதை அன்று அவரிடம் கற்றேன்.