நீதித்துறையில் கணினி: பயனை அளக்கும் முறை

(கரமனையில் ஆற்றிய உரையின் சுருக்கம்)

கரமனையிலிருந்து வஞ்சியூர் நீதிமன்ற வளாகம் சில கிலோமீட்டர் தொலைவிலேயே உள்ளது. ஆயினும், வழக்காடுபவரின் சுமை தொலைவில் இல்லை. எத்தனை முறை சென்று திரும்ப நேர்கிறது என்பதில்தான் இருக்கிறது. எடுத்துக்காட்டாக, நாளொன்றுக்கு 900 ரூபாய் ஈட்டும் தொழிலாளி ஒருவர் ஓராண்டில் 6 வாய்தாக்களுக்குச் செல்வாரானால், கூலியிழப்பு மட்டுமே 5,400 ரூபாயாகும். வழக்கு எர்ணாகுளத்திலுள்ள உயர் நீதிமன்றத்தை எட்டினால், ஏறத்தாழ 200 கிலோமீட்டர் பயணச் செலவும் சேரும். இந்த இழப்பு எந்த அரசுக் கணக்கிலும் இடம்பெறுவதில்லை.

அரசின் முதலீடோ தெளிவாகத் தெரிகிறது. மின்னணு நீதிமன்றத் திட்டத்தின் இரண்டாம் கட்டத்திற்கு 2015-இல் 1,670 கோடி ரூபாய் ஒதுக்கப்பட்டது. 2023 செப்டம்பரில் ஒப்புதல் பெற்ற மூன்றாம் கட்டத்தின் மதிப்பீடு 7,210 கோடி ரூபாய். அதாவது நான்கு மடங்குக்கும் அதிகம். இதில் பழைய ஆவணங்களை மின்வடிவில் பதிவுசெய்து பாதுகாக்க மட்டுமே 2,038.40 கோடி ரூபாய் செலவிடப்பட உள்ளது.

நிறுவிய கணினிகள், பதிவுசெய்த பக்கங்கள், காணொலி விசாரணைகள் ஆகியவற்றின் எண்ணிக்கை பணியின் அளவைக் காட்டுமே அன்றிப் பயனைக் காட்டாது. கால்வாயின் நீளத்தைக் கொண்டு விளைச்சலை மதிப்பிட இயலாதன்றோ?

பயனை அளக்க மூன்று அளவைகள் போதுமானவை. மனு தாக்கல் செய்ததிலிருந்து தீர்ப்பு வரை ஆகும் நாட்கள். ஒரு வழக்கிற்கான வாய்தாக்கள். மக்கள் நேரில் வந்து செலவிடும் நாட்கள். முதல் இரண்டுக்குத் தேவையான விவரங்களில் பெரும்பகுதி நீதிமன்றப் பதிவுகளிலேயே உள்ளது. மூன்றாவதை வழக்காடுபவரிடம் கேட்டறிவதே வழி.

கேரளத்திலேயே இதற்கு ஒரு நல்ல வாய்ப்பு அமைந்துள்ளது. காசோலை மோசடி வழக்குகளுக்கென, எந்நேரமும் இணையவழி மனுப் பெறும் காகிதமற்ற நீதிமன்றம் கொல்லத்தில் 2024 நவம்பர் 20 அன்று செயல்படத் தொடங்கியது. அதே வகை வழக்குகளை விசாரிக்கும் பிற நீதிமன்றங்களுடன் ஒப்பிட்டால், கணினியால் விளைந்த பயன் புலப்படும்.

இங்கு எச்சரிக்கையும் தேவை. காலியான நீதிபதிப் பணியிடம் நிரப்பப்பட்டதால் வழக்குகள் விரைந்திருந்தால், அப்பெருமை கணினிக்குரியதன்று. இணையத்தில் தாக்கல் செய்த மனுவைக் காகிதத்திலும் கேட்டால் செலவு இரட்டிப்பாகும். கைப்பேசியை இயக்கத் தெரியாத முதியவர் இன்னொருவருக்குக் கட்டணம் கொடுத்து மனு அனுப்ப நேர்ந்தால், அலுவலகச் செலவு அவர் தலைக்கு மாறியது என்பதே பொருள். அதைச் சேமிப்பாகக் கருதலாகாது.

எனவே, புதிய கருவியை நிறுவுவதற்கு முன்பே பழைய நிலையை அளந்து வைத்தல் இன்றியமையாதது. அந்தத் தொழிலாளி இழந்த 6 நாட்கள் இரண்டாகக் குறையுமானால், மீண்ட 4 நாட்களின் கூலியே இம்முதலீட்டின் முதல் வருவாயாகும்.