துணி கட்டி வெளிச்சம் செய்தவர்



சினிமா என்றால் நடிகர் முகம்தான் நமக்குத் தெரியும். அந்த முகத்தைப் பிடித்துக் காட்டுகிற காமிராத் தொழிலாளியை யார் கேட்கிறார்கள்? கல்கத்தா சுப்ரதா மித்ராவைப் பற்றிச் சொல்லுகிறேன்.

பிரெஞ்சு டைரக்டர் ழான் ரெனுவார் வங்காளத்தில் படம் எடுத்தபோது மித்ரா வேலை கேட்டார், கிடைக்கவில்லை. வேடிக்கை பார்க்கத்தான் அனுமதி. தினமும் போய், விளக்கு எங்கே, காமிரா எங்கே என்று நோட்டில் வரைந்துகொண்டார். அதுதான் அவருக்குப் பள்ளிக்கூடம். 1952-ல் சத்யஜித் ராய் 'பதேர் பாஞ்சாலி' தொடங்கியபோது அவருக்கு வயது 22. அதுவரை சினிமா காமிராவை இயக்கியதே இல்லை.

முதலில் நாணல் பூத்த வெளியில் படம் பிடித்தார்கள். அடுத்த வாரம் போனால் பூவை மாடு தின்றுவிட்டது! மாட்டைக் குற்றம் சொல்லலாமா? மறு வருஷம் பூக்கும்வரை காத்திருந்தார்கள். பணமும் தீர்ந்தது, ராய் மனைவியின் நகை அடகுக்குப் போயிற்று. மேற்கு வங்க சர்க்கார் பணம் கொடுத்த பிறகே 1955-ல் படம் வெளிவந்தது.

அடுத்த படம் 'அபராஜிதோ', 1956. காசி வீட்டை ஸ்டூடியோவில் கட்டினார்கள். அந்த முற்றத்தில் நேர்வெயில் விழாது, வானத்து வெளிச்சம்தான் பரவி இறங்கும். விளக்கை நேரே அடித்தால் பொய் நிழல் விழுமே! மித்ரா மேலே வெள்ளைத் துணியை இழுத்துக் கட்டி, விளக்குகளை அதன்மேல் திருப்பினார். பட்டுத் திரும்பிய வெளிச்சம் மெத்தென்று இறங்கிற்று. நீங்கள் ஆலையில் நெய்கிற மாதிரித் துணிதான், தோழர்களே!

1966-ல் 'நாயக்' படத்தோடு ராயுடன் வேலை முடிந்தது. பிறகு படங்கள் குறைவு. கடைசிக் காலத்தில் கல்கத்தா திரைப்படப் பள்ளியில் இளைஞர்களுக்குத் தொழிலைக் கற்றுக்கொடுத்தார். 2001-ல் காலமானார்.